ஒரு சதுர மீட்டருக்கு எத்தனை கூலூம்?

திருச்செந்தூர் வட்டாரத்திலிருந்து பி.எஸ்சி. இயற்பியலும் பி.இ. மின்னியலும் படிக்கப் போயிருக்கும் பிள்ளைகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பிள்ளைகளே,

ஆலந்தலை, காயல்பட்டினம், ஆறுமுகநேரி, உடன்குடி, மணப்பாடு என்று கடலை ஒட்டிய ஊர்களிலிருந்து கல்லூரிக்குப் போயிருக்கிறீர்கள். லீவுக்கு ஊர் திரும்பும்போது உங்களில் பலர் என்னிடம் கொண்டுவரும் சந்தேகம் ஒன்றேதான், ஆள்தான் மாறுகிறது. “பிளஸ் டூவில் மின்பாயத்தின் அலகு நியூட்டன் மீட்டர் ஸ்கொயர் பை கூலூம் என்று படித்தோம் சார். இப்போது ‘ஃபீல்ட்ஸ்’ பேப்பரில் வெறும் கூலூம் என்கிறார்கள். பாயத்தைப் பரப்பால் வகுத்தால் பாய அடர்த்தி. அப்படியென்றால் அது நியூட்டன் பை கூலூமா, கூலூம் பை மீட்டர் ஸ்கொயரா?”

ஃபீல்ட்ஸ் பேப்பரில் இத்தனை பேர் அரியர் வைக்க வெக்டர் கால்குலஸ்தான் காரணம் என்பார்கள். எனக்கென்னவோ பாதிப் பழி இந்தக் கேள்வியின் மேல்தான் விழ வேண்டும் என்று படுகிறது. இதற்கு யாரும் நின்று பதில் சொல்வதில்லை. “இங்கே அப்படித்தான், எழுதிக்கொள்” என்று தாண்டிப் போய்விடுகிறோம். ஆசிரியர் கூட்டத்தில் ஒருவன் என்ற முறையில் அந்தக் குற்றச்சாட்டில் எனக்கும் பங்கு உண்டு.

பதில் இதுதான்: இரண்டு புத்தகமும் சரி. ஒரே பெயரை இரண்டு வேறு அளவுகளுக்கு வைத்துவிட்டார்கள்.

பிளஸ் டூ புத்தகம் கணக்கெடுப்பது மின்புலத்தின் பாயத்தை. மின்புலத்தை, அதாவது ‘ஈ’யை, கூலூமுக்கு இத்தனை நியூட்டன் என்று அளக்கிறோம். அதைப் பரப்பால் பெருக்கினால் நியூட்டன் மீ²/கூலூம். அங்கே காஸ் விதி, மூடிய பரப்பின் மொத்தப் பாயம் என்பது உள்ளே இருக்கும் மின்னூட்டத்தை எப்சிலான் நாட்டால் வகுத்தது என்று வரும். பொறியியல் புத்தகம் கணக்கெடுப்பதோ ‘டி’யின் பாயத்தை. அங்கே எப்சிலான் நாட் கிடையாது. உள்ளே 5 கூலூம் இருந்தால் வெளியே வரும் பாயமும் 5 கூலூம். அதைச் சதுர மீட்டர் கணக்கில் பிரித்தால் கிடைப்பதுதான் மின்பாய அடர்த்தி, அதாவது அந்த ‘டி’; அலகு கூலூம்/மீ². வெற்றிடத்தில் இரண்டையும் இணைப்பது ஒரே ஒரு பெருக்கல்: டி என்பது எப்சிலான் நாட் பெருக்கல் ஈ. எப்சிலான் நாட்டின் அலகு கூலூம்²/(நியூட்டன் மீ²). அதை நியூட்டன்/கூலூமால் பெருக்கிப் பாருங்கள். நியூட்டன் அடிபடும், ஒரு கூலூம் அடிபடும், கூலூம்/மீ² மிஞ்சும். அடிப்படை அலகுகளிலேயே வேண்டும் என்றால் ஆம்பியர் நொடி/மீ². காந்தப் பக்கத்தில் இதற்கு இணையான காந்தப்பாய அடர்த்திக்கு டெஸ்லா என்று தனிப்பெயர் வாய்த்தது. பாவம், டி-யின் அலகுக்கு அப்படி ஒரு பெயரும் வாய்க்கவில்லை.

பி.எஸ்சி. பிள்ளைகள் கையில் இருக்கும் கிரிஃபித்ஸ் புத்தகம் முதல் மரபில் நிற்கிறது. பி.இ. பிள்ளைகள் கையில் இருக்கும் ஹேட் புத்தகம் இரண்டாவது மரபு. ஒரே வீட்டில் அண்ணன் இதையும் தங்கை அதையும் படித்தால் சாப்பாட்டு நேரத்தில் சண்டை வருவது நிச்சயம். நூலகத்தில் பழைய சி.ஜி.எஸ். புத்தகம் கிடைத்தால் குழப்பம் மூன்றாகும். அதில் ஈ, டி இரண்டுக்கும் ஒரே அலகு. ஆனால் காஸ் விதியில் மின்னூட்டத்தின் முன்னால் ஒரு 4π வந்து உட்கார்ந்திருக்கும். அந்த 4π-யைச் சமன்பாடுகளின் முகப்பிலிருந்து அகற்ற வேண்டும் என்று ஹெவிசைட் வாதாடினார். 1901-இல் ஜியார்ஜி மீட்டர், கிலோகிராம், நொடியோடு நான்காவதாக ஒரு மின் அலகையும் சேர்க்கச் சொன்னார். இன்றைய எஸ்.ஐ. முறை அந்த வழியில் வந்தது. சி.ஜி.எஸ். பற்றி இது போதும்.

அலகு சரியாகிவிட்டது. ஆனால் கூலூம்/மீ² என்று எழுதத் தெரிந்தவனுக்கெல்லாம் டி புரிந்துவிட்டதா? என் அனுபவத்தில் இல்லை. அது புரிய வேண்டுமானால் ஒரு உலோகத் தகட்டைத் தரையில் வைக்க வேண்டும். அந்த வேலையைச் செய்யும் இடம் நம் பஸ் ரூட்டிலேயே இருக்கிறது.

திருச்செந்தூரிலிருந்து நெல்லைக்குப் போகும்போது பாளையங்கோட்டைக்கு முன்னால் கிருஷ்ணாபுரம் வரும். வெங்கடாசலபதி கோயில் சிற்பங்களுக்குப் பேர்போன ஊர். இந்தியப் புவிக்காந்தவியல் நிறுவனத்தின் ஆய்வுக்கூடம் ஒன்றும் அங்கே இருக்கிறது என்பது உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? காந்த நடுக்கோடு இந்தத் தென்கோடியை ஒட்டிச் செல்வதால், மேல்வளிமண்டலத்தை ஆராய இங்கே இடம் பிடித்தார்கள். அங்கே இருக்கிறவர்கள் காற்றின் மின்சாரத்தையும் அளந்திருக்கிறார்கள், ஆய்வுக் கட்டுரைகளாக வெளியிட்டிருக்கிறார்கள். அண்டார்க்டிகாவில் நம் நாட்டின் மைத்ரி நிலையத்திலும் இதே அளவீட்டைச் செய்திருக்கிறார்கள்.

மேகமில்லாத நாளிலும் நம் தலைக்கு மேலே மின்புலம் உண்டு. தரையருகே மீட்டருக்குச் சுமார் 100 வோல்ட், மேலிருந்து கீழ்நோக்கி. அதை அளக்க உலகெங்கும் பயன்படும் கருவிக்கு ஃபீல்ட் மில் என்று பெயர். அதன் உள்ளே பார்ப்போம். அசையாத ஓர் உலோகத் தகடு. அதன் மேலே, ஃபேன் இறக்கை போல இடைவெளி விட்டு வெட்டிய இன்னொரு தகடு, தரையோடு இணைக்கப்பட்டு, மோட்டாரில் சுழல்கிறது. இடைவெளி மேலே வரும்போது அசையாத தகடு வானத்தைப் பார்க்கிறது; மின்புலத்தின் கோடுகள் அதில் வந்து முடிகின்றன; அதில் எதிர்மின்னூட்டம் சேர்கிறது. இறக்கை மேலே வந்து மறைத்தால் சேர்ந்த மின்னூட்டம் கம்பி வழியே திரும்பிப் போகிறது. மறுபடி திறப்பு, மறுபடி மறைப்பு. கம்பியில் ஓடும் இந்தச் சின்னஞ்சிறு மாறுமின்னோட்டத்தைப் பெருக்கி அளக்கிறார்கள்.

இங்கே நில்லுங்கள். கருவியின் கையில் நேராகக் கிடைப்பது என்ன? வோல்ட் அல்ல, மீட்டருக்கு வோல்ட்டும் அல்ல. இத்தனை பரப்புள்ள தகட்டில் இத்தனை கூலூம் சேர்ந்தது என்பதுதான். அதுதான் டி. அதை எப்சிலான் நாட்டால் வகுத்த பிறகே ‘மீட்டருக்கு 100 வோல்ட்’ என்ற செய்தி பிறக்கிறது. உலோகப் பரப்பை ஒட்டி டி-யின் மதிப்பும் அந்தப் பரப்பில் சதுர மீட்டருக்குச் சேரும் மின்னூட்டமும் ஒன்றே.

எண்ணைப் போட்டுப் பார்ப்போம். 100 வோல்ட்/மீ-ஐ 8.85×10⁻¹² ஆல் பெருக்கினால் 8.85×10⁻¹⁰ கூலூம்/மீ². அதாவது சதுர மீட்டருக்கு ஒரு நானோகூலூம்கூட முழுசாக இல்லை. உள்ளங்கை அளவுத் தகட்டை, பக்கத்துக்கு 10 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொண்டால், அதில் சேர்வது ஏறத்தாழ 9 பிக்கோகூலூம். ரொம்பக் கொஞ்சம் என்று நினைக்காதீர்கள், அதுவே சுமார் ஐந்தரைக் கோடி எலெக்ட்ரான்கள். இந்தக் கருவியை மரமோ கட்டடமோ இல்லாத திறந்தவெளியில் வைத்தால்தான் கணக்கு நேராக வரும். நம் திருச்செந்தூர்க் கோயிலின் ஒன்பது நிலை ராஜகோபுரத்தின் கலசத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்தால், கூர்மையான உலோகத்தில் கோடுகள் நெருங்கி முடிவதால், பல மடங்கு அதிகமாகக் காட்டும். ஊர் ஒன்றுதான், வானம் ஒன்றுதான், டி மட்டும் இடத்துக்கு இடம் வேறு.

பூமியின் பரப்பு முழுவதும் இதே அடர்த்தி என்று வைத்துக்கொண்டால் மொத்த எதிர்மின்னூட்டம் சுமார் நாலரை லட்சம் கூலூம். பெரிய தொகையாகத் தெரிகிறதா? சாகுபுரம் டி.சி.டபிள்யூ. ஆலையில் உப்புக் கரைசலில் மின்சாரம் செலுத்தி காஸ்டிக் சோடா எடுக்கிறார்கள் அல்லவா? 40 கிராம் காஸ்டிக் சோடாவுக்குக் குறைந்தது 96,485 கூலூம் ஓட வேண்டும். பூமிப்பரப்பின் மொத்த மின்னூட்டத்தையும் வழித்துக்கொண்டு வந்து கொடுத்தாலும் 190 கிராம்கூடத் தேறாது! கூலூம் என்பது ஓடும் மின்சாரத்துக்குச் சில்லறைக் காசு, நிற்கும் மின்சாரத்துக்குப் பெருஞ்செல்வம். டி-யின் கணக்குகளில் எப்போதும் மைக்ரோவும் நானோவும் வருவதற்குக் காரணம் இதுதான். விடைத்தாளில் டி-க்கு 40 கூலூம்/மீ² என்று வந்தால் எங்கோ அடுக்குக்குறி தவறிவிட்டது என்று அப்போதே தெரிந்துகொள்ளுங்கள். சாதாரணக் காற்று மீட்டருக்குச் சுமார் 30 லட்சம் வோல்ட்டில் உடைந்துவிடும். அந்த எல்லையில்கூட டி சதுர மீட்டருக்குச் சுமார் 27 மைக்ரோகூலூம்தான்.

இந்த நல்வானிலை மின்புலம் நாள் முழுதும் ஒரே மாதிரி இருப்பதில்லை. கார்னகி என்ற ஆய்வுக் கப்பல் கடல் கடலாகச் சுற்றி அளந்ததில், எந்தக் கடலானாலும் உலகப் பொது நேரம் மாலை 7 மணியை ஒட்டியே அது உச்சம் தொடுகிறது என்று தெரிந்தது. நம் கடிகாரத்தில் அது நள்ளிரவு 12.30. உலகெங்கும் அடிக்கும் இடிமின்னல்கள்தான் இந்த மின்புலத்துக்குப் பின்னாலுள்ள உலக மின்சுற்றுக்கு மின்னூட்டம் ஏற்றுகின்றன; அமெரிக்கக் கண்டங்களில் பிற்பகல் இடிமேகம் திரளும் வேளைதான் அது. ஆனால் நம் கடற்கரையில் கருவியை வைத்து இந்த உச்சத்தைத் தேடினால் பிடிபடுவது கஷ்டம். கரையில் மோதி உடையும் அலையின் நுரைக்குமிழிகள் நேர்மின்னூட்டமுள்ள திவலைகளைக் காற்றில் தூவுகின்றன. உள்ளூர்ச் சலசலப்பில் உலகச் சேதி அமுங்கிவிடும்.

ஐப்பசியில் இடிமேகம் வந்து நின்றால் கதையே வேறு. தரையில் மின்புலம் திசை புரண்டு மீட்டருக்கு ஆயிரக்கணக்கான வோல்ட் என்று ஏறும். மீட்டருக்கு 10,000 வோல்ட் என்றால் டி 88 நானோகூலூம்/மீ². ஒரு மின்னல் வெட்டி, பத்தில் ஒரு பங்கு நொடியில் அந்த மின்புலம் பாதியாகக் குறைகிறது என்று கொள்ளுங்கள். டி மாறுகிறது, அந்த மாற்றத்துக்கு ஒரு வேகம் இருக்கிறது. கூலூம்/மீ²-ஐ நொடியால் வகுத்தால் ஆம்பியர்/மீ². பிளஸ் டூவில் மின்காந்த அலைகள் பாடத்தில் மாக்ஸ்வெல்லின் இடப்பெயர்ச்சி மின்னோட்டம் என்று படித்தது நினைவிருக்கிறதா? அதன் அடர்த்தி இதுதான். எப்சிலான் நாட்டை முன்னால் போட்டுப் பாயத்தின் மாறுவீதம் என்று அங்கே எழுதினீர்கள். எப்சிலான் நாட்டோடு சேர்ந்த பாயம் வேறு எதுவுமல்ல, கூலூமில் அளக்கும் அந்த இரண்டாவது பாயமேதான். இரண்டு புத்தகங்களும் அந்தச் சமன்பாட்டில் கைகுலுக்கிக்கொள்கின்றன. நம் மின்னலுக்குக் கணக்குப் பார்த்தால் சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 0.44 மைக்ரோஆம்பியர். மேகமற்ற நாளில் வானிலிருந்து தரைக்கு இறங்கும் கடத்து மின்னோட்டமோ சதுர மீட்டருக்கு 2 பிக்கோஆம்பியர் அளவுதான். மின்னலினுடையது அதைப்போல இரண்டு லட்சம் மடங்கு. கடத்து மின்னோட்டம், இடப்பெயர்ச்சி மின்னோட்டம் உள்ளிட்ட எல்லாம் சேர்ந்த தொகையை மாக்ஸ்வெல் மின்னோட்டம் என்பார்கள். கிருஷ்ணாபுரத்து ஆய்வாளர்கள் அளந்து எழுதியது அதைப் பற்றித்தான். பாடப்புத்தகத்தில் மின்தேக்கித் தகடுகளுக்கு நடுவே மட்டும் காட்டப்படும் ஒரு விஷயத்துக்கு வானமும் தரையும் தகடுகளாக நிற்கின்றன.

“வெற்றிடத்தில் டி என்பது எப்சிலான் நாட் மடங்கு ஈ-தான் என்றால், ஒரே சரக்குக்கு எதற்கு இரண்டு பெயர்?” இப்படிக் கேட்காத மாணவன் பாடத்தைக் கவனிக்கவில்லை என்று அர்த்தம். வெற்றிடத்தில் தேவையில்லைதான். பொருள் நடுவே வந்த பிறகுதான் இரண்டும் பிரிகின்றன.

1837-இல் மைக்கேல் ஃபாரடே ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு பித்தளைக் கோளங்கள் கொண்ட கருவியைச் செய்தார். அச்சு அசலாக அதேபோல் இன்னொன்று. ஒன்றின் இடைவெளியில் காற்று. மற்றதில் அரக்கோ கந்தகமோ கண்ணாடியோ. ஒன்றில் மின்னூட்டம் ஏற்றி, மற்றதோடு தொடவைத்துப் பகிர்ந்தார். பொருள் நிரப்பிய கருவி எப்போதும் அதிகப் பங்கைப் பிடித்துக்கொண்டது. இடையில் நிற்கும் பொருள் சும்மா நிற்கவில்லை, அதுவும் விளையாட்டில் சேர்கிறது என்பதற்கு அது சாட்சி. ஃபாரட் என்ற அலகு அவர் பெயரில் இருப்பது பொருத்தம்தான்.

பொருள் என்ன செய்கிறது? அதன் மூலக்கூறுகளில் நேர், எதிர் மின்னூட்டங்கள் சற்றே விலகுகின்றன. இதைத்தான் மின்முனைவாக்கம் என்று பிளஸ் டூவில் படித்தீர்கள். அதன் அலகும் கூலூம்/மீ². எனவே பொருளுக்குள் டி என்பது, எப்சிலான் நாட் மடங்கு ஈ, கூட்டல் அந்த முனைவாக்கம். ஒரு கணக்கைப் போட்டால் விளங்கும். 1 சென்டிமீட்டர் இடைவெளியில் இரண்டு தகடுகள், 1000 வோல்ட். மின்புலம் மீட்டருக்கு ஒரு லட்சம் வோல்ட். டி 0.885 மைக்ரோகூலூம்/மீ². இப்போது இடைவெளி நிறைய ஒப்புமை விடுதிறன் 5 உள்ள கண்ணாடியைச் செருகுங்கள்.

மின்னழுத்த மூலத்தைக் கழற்றாமல் செருகினால் 1000 வோல்ட் அப்படியே நிற்கும், ஈ மாறாது. டி ஐந்து மடங்காகி 4.4 மைக்ரோகூலூம்/மீ² ஆகும். கூடுதல் மின்னூட்டத்தை மூலம் கொடுக்கும். மூலத்தைக் கழற்றிவிட்டுச் செருகினால்? தகட்டில் இருக்கும் மின்னூட்டம் எங்கும் போக முடியாது, ஆகவே டி அப்படியே 0.885. ஈ ஐந்தில் ஒன்றாகும், வோல்ட்மீட்டர் 200 காட்டும். இந்த இரண்டு நிலையையும் தாளில் வரைந்து பார்த்தவனுக்கு ஃபீல்ட்ஸ் பேப்பரில் பாதிப் பயம் போய்விடும். தகட்டில் நாம் ஏற்றிய மின்னூட்டத்துக்கு டி பதில் சொல்கிறது. அங்கே ஒரு கூலூம் வந்தால் படப்போகும் விசைக்கு ஈ பதில் சொல்கிறது.

வீட்டுச் சீலிங் ஃபேன் மெதுவாகச் சுற்றினால் எலெக்ட்ரீஷியன் வந்து கண்டன்சரை மாற்றுகிறாரே, பெரும்பாலும் அதன் மேல் 2.5 மைக்ரோஃபாரட் என்று அச்சிட்டிருக்கும். 230 வோல்ட் டி.சி. கொடுத்தால் அதில் 575 மைக்ரோகூலூம் இருக்கும். காற்று தாங்கும் உச்சமே சதுர மீட்டருக்கு 27 மைக்ரோகூலூம் என்று மேலே பார்த்தோம். இத்தனையையும் கட்டைவிரல் கனத்தில் அடக்க முடிவது, உள்ளே சுருட்டி வைத்த மெல்லிய பிளாஸ்டிக் படலம் காற்றைவிடப் பல மடங்கு மின்புலத்தைத் தாங்குவதாலும், தானும் முனைவாக்கம் அடைவதாலும்தான்.

இனி நம் கடற்கரைக்கே உரிய ஒரு விஷயம். தூத்துக்குடி அனல்மின் நிலையத்திலிருந்து கிளம்பும் உயரழுத்தக் கம்பிகள் உப்பளக் காற்றில்தான் தொங்குகின்றன. அவற்றைத் தாங்கும் பீங்கான் இன்சுலேட்டரின் ஒப்புமை விடுதிறன் சுமார் 6. பீங்கானுக்குள் மெல்லிய காற்றுப்பிளவு ஒன்று மின்புலத்துக்குக் குறுக்கே கிடந்தால் என்ன ஆகும்? பிளவின் பரப்பில் தனி மின்னூட்டம் இல்லாதவரை, பரப்புக்குச் செங்குத்தான டி இரு பக்கமும் ஒன்றே. பீங்கானில் மீட்டருக்கு 10 லட்சம் வோல்ட் என்றால் பிளவுக் காற்றில் 60 லட்சம். பீங்கானுக்கு அது ஒன்றுமில்லை, காற்று தாங்காது. உள்ளேயே பொறி பறக்கும், நாளடைவில் பீங்கானும் கெடும். ஈ-யை மட்டும் பிடித்துக்கொண்டு யோசிப்பவனுக்கு, மெல்லிய காற்றிடைவெளி ஏன் முதலில் உடைகிறது என்பது பிடிபடாது. டி-யைப் பிடித்தால் ஒரே வரியில் முடியும். பனி விழும் விடியற்காலையில் இந்தக் கரையோரக் கம்பங்களில் கேட்கும் சீறல் வேறு சங்கதி. பீங்கானின் மேலே படிந்த உப்பு நனைந்து, அதன் வழியே மின்சாரம் கசிவதால் வருவது அது. அதை டி-யின் கணக்கில் எழுதி மார்க் கேட்காதீர்கள்.

முனைவாக்கம், தகட்டின் மின்னூட்டப் பரப்படர்த்தி, டி மூன்றுக்கும் ஒரே அலகு என்பதால் மூன்றும் ஒன்று என்று எண்ணிவிடவும் கூடாது. திருப்புவிசைக்கும் ஆற்றலுக்கும்கூட நியூட்டன் மீட்டர்தான் அலகு. உங்கள் மூக்குக்கு நேரே இருக்கும் காற்றில் தனி மின்னூட்டம் ஏதும் இல்லாமலே டி இருக்கிறது; அதற்கு ஒரு திசையும் இருக்கிறது. அங்கே ஓர் உலோகத் தகட்டைத் தரையோடு இணைத்துப் படுக்கவைத்தால் எவ்வளவு சேரும் என்று சொல்ல அது உதவும், அவ்வளவுதான். அந்தத் தகட்டை வைப்பதே சுற்றியுள்ள மின்புலத்தைக் கொஞ்சம் மாற்றிவிடும் என்பதையும் மறக்க வேண்டாம்.

வைவாவில் கேட்கக்கூடிய ஒரு சின்ன விஷயம். எப்சிலான் நாட் பிழையே இல்லாத, வரையறுத்த மதிப்பு என்று உங்கள் சீனியர்கள் சொல்வார்கள். 2019 மே 20 வரை அது உண்மை. அன்றிலிருந்து எலெக்ட்ரானின் மின்னூட்ட அளவு 1.602176634×10⁻¹⁹ கூலூம் என்று வரையறுக்கப்பட்டுவிட்டது. எப்சிலான் நாட் அளந்து அறிய வேண்டிய எண்ணாகிவிட்டது. உங்கள் கணக்குக்கு 8.85 போதும். கேள்வி வந்தால் பதில் மாறிவிட்டது என்று தெரிந்திருந்தால் சரி.

கடைசியாகப் பரீட்சைக்கு. வினாத்தாளில் ‘மின்பாயம்’ என்று மட்டும் இருந்தால் உங்கள் பாடத்திட்டத்தின் காஸ் விதியைப் பாருங்கள். அதில் எப்சிலான் நாட் வகுத்துக்கொண்டு நின்றால் நியூட்டன் மீ²/கூலூம், நிற்காவிட்டால் கூலூம். ‘மின்பாய அடர்த்தி’ என்று கேட்டால் எப்போதும் கூலூம்/மீ², அதில் இரண்டு கட்சி இல்லை. விடையின் முதல் வரியில் எந்தப் பாயத்தை எடுத்துக்கொண்டீர்கள் என்று எழுதிவிடுங்கள். திருத்துபவர் எந்த மரபுக்காரரானாலும் மார்க்கைக் குறைக்க வழியிருக்காது.

பொங்கல் லீவில் வரும்போது மேலே சொன்ன கண்ணாடிக் கணக்கைப் பாதி இடைவெளிக்கு மட்டும் கண்ணாடி என்று மாற்றி, 1000 வோல்ட் மாறாமல், இரண்டு பகுதியிலும் ஈ, டி என்னவென்று போட்டுக்கொண்டு வாருங்கள். கண்ணாடி தகட்டுக்கு இணையாகப் பாதித் தடிமனில் நிற்பது ஒன்று, பாதிப் பரப்பை அடைத்து நிற்பது ஒன்று. இரண்டும் வேண்டும். ஒன்றில் டி சமமாக வரும், மற்றதில் ஈ சமமாக வரும். எதில் எது என்று நான் சொல்லப்போவதில்லை.

அன்புடன்,
ஓய்வுபெற்ற இயற்பியல் ஆசிரியர் ஒருவர்,
வீரபாண்டியன்பட்டினம்